ஒரு மணி நேரத்தில் அதிக எக்ஸ்பி: கொடிப் பக்கமா, குட்டி மேப்பா, பாட் ஃபார்மா?

ராத்திரிஷிஃப்ட்

பேட்டில்ஃபீல்ட் 6 என்ற துப்பாக்கிச் சண்டை ஆட்டத்தை வாங்கி ஆடிக்கொண்டிருக்கிறேன். வேலை முடிந்து வந்தால் ஒரு மணி நேரம் கிடைத்தாலே பெரிது. அந்த நேரத்துக்குள் எக்ஸ்பி, அதாவது லெவல் ஏற்றும் அனுபவப் புள்ளி, வேகமாக ஏற எந்த மோட் (ஆட்ட வகை) சரி? மேப் முழுக்கக் கொடிகளைப் பிடிக்கும் கன்குவெஸ்ட்டில் பாதி நேரம் ஓட்டத்திலேயே போய்விடுகிறது. மிரக் பள்ளத்தாக்கு மேப்பில் கொடியைப் பார்த்து ஓடுவது, எங்கோ மேட்டில் படுத்திருக்கும் ஸ்னைப்பரிடம் சாவது, எழுந்து மறுபடி ஓடுவது. இதில் எக்ஸ்பி எங்கே வரும்?

இன்னொரு கேள்வி. ஆடுகிறவர்களே சொந்த விதிகளோடு மோட் அமைக்கும் போர்ட்டல் பகுதியில், பாட்களை (கணினி ஓட்டும் பொம்மை எதிரிகளை) எதிரே ஓடவிட்டுச் சுட்டுத்தள்ளுகிற சர்வர்கள், அதாவது பாட் ஃபார்ம்கள், வைத்து நிறைய பேர் லெவல் ஏற்றினார்கள். அதைத் திருட்டு மாதிரி பேசுகிறார்களே, அதில் என்ன தப்பு?

படிக்கட்டுக்காவலன்

முதல் கேள்விக்கு மட்டும் பதில் சொல்கிறேன் தம்பி, இரண்டாவதற்குச் சண்டை போட ஆட்கள் வருவார்கள்.

பிரேக்த்ரூ ஆடுங்கள். ஒரு அணி தாக்கும், மற்றது காக்கும், மேப்பை ஒவ்வொரு செக்டாராக (பகுதியாக) பிடித்து முன்னேற வேண்டும். 48 பேர், ஆனால் சண்டை முழுக்க ஒரு செக்டாருக்குள் நெருக்கிக்கொண்டு நடக்கும். கன்குவெஸ்ட்டில் 64 பேர் மேப் முழுக்கச் சிதறிக் கிடப்பார்கள், அதனால்தான் அந்த ஓட்டம். வீரர் வகுப்புகளில் சப்போர்ட்டை எடுங்கள், உதவிப் பொருள் பையைச் சுமக்கிறவன் அவன். பையை ஆட்கள் பதுங்கும் சுவருக்குப் பின்னால் போடுங்கள், குண்டும் உயிரும் ஒரே பையிலிருந்து கிடைக்கும். நீங்கள் வேறு வேலை பார்த்துக்கொண்டிருக்கும்போதும் புள்ளி சொட்டிக்கொண்டே இருக்கும். விழுந்தவர்களை எழுப்பும் டிஃபிப்ரிலேட்டரை மறக்க வேண்டாம்.

2011இல் பேட்டில்ஃபீல்ட் 3 வந்தபோது நாங்கள் இதைத்தான் செய்தோம். பாரிஸ் மெட்ரோ மேப், கணினியில் 64 பேர், நிலையத்துக்குள் பி கொடி, அதற்கு ஏறும் படிக்கட்டு. அந்த ஆட்டத்தில் ஒரு கில்லுக்கு 100 புள்ளி, விழுந்தவனை எழுப்பும் ஒரு ரிவைவுக்கும் அதே 100. கில்லுக்கு எதிரி கண்ணில் பட வேண்டும், நீங்கள் முந்திச் சுட வேண்டும். ரிவைவுக்குச் செத்துக் கிடக்கும் நண்பன் போதும், மெட்ரோ படிக்கட்டில் அதற்குப் பஞ்சமே கிடையாது. கில் கணக்கில் நடுவில் இருக்கிற மெடிக், புள்ளிப் பட்டியலில் முதலில் நிற்பான்.

கண்டெய்னர்கதிர்

அண்ணன் 2011இலேயே நின்றுவிட்டார். கேட்டவருக்கு எந்த எக்ஸ்பி வேண்டும் என்று யாரும் கேட்கவில்லையே?

உங்கள் கணக்கின் மொத்த லெவலான கேரியர் லெவல் வேறு, துப்பாக்கியின் லெவல் வேறு. ரிவைவ் செய்து கேரியர் லெவலை ஏற்றலாம். ஆனால் உங்கள் துப்பாக்கிக்கு நல்ல சைட்டும் (குறிபார்க்கும் கருவி) குழலும் மாதிரி இணைப்புகள் வேண்டுமென்றால் அந்தத் துப்பாக்கியால் சுட்டாக வேண்டும். படிக்கட்டில் நூறு பேரை எழுப்பினாலும் சத்தம் குறைக்கும் சப்ரஸர் வராது.

அதற்குக் குட்டி மேப் மட்டும்தான் வழி. போட்டித் தொடரான கால் ஆஃப் டியூட்டியின் ஆட்கள் இதை எப்போதோ கண்டுபிடித்துவிட்டார்கள். அந்தத் தொடரின் 2019 மாடர்ன் வார்ஃபேரில் ஷூட் ஹவுஸ் என்ற குட்டி மேப் நவம்பரில் வந்தது, ஷிப்மென்ட் டிசம்பரில் திரும்பி வந்தது. அதன் பிறகு துப்பாக்கி லெவல் ஏற்ற வேறு மேப் பக்கம் யார் போனார்கள்? ஷிப்மென்ட் என்பது நாலு கண்டெய்னர், ஒரு சதுரம். செத்து மறுபடி பிறந்த இடத்திலேயே எதிரி நிற்பான். ஒரு நிமிடம் சும்மா நடந்தோம் என்ற பேச்சே இல்லை. பேட்டில்ஃபீல்டில் அதற்குச் சமம் என்றால் ஒரே இடத்துக்கு அடித்துக்கொள்ளும் கிங் ஆஃப் த ஹில், சின்ன இடத்தில் கொடி பிடிக்கும் டொமினேஷன். எட்டுக்கு எட்டுதான், ஆனால் எல்லோரும் ஒரே குழிக்குள் விழுவார்கள்.

படிக்கட்டுக்காவலன்

துப்பாக்கி எக்ஸ்பி தனி என்பது சரியான பிரிவு. ஆனால் "குட்டி மேப் மட்டும்தான்" என்பதை ஒத்துக்கொள்ள மாட்டேன்.

காத்திருப்பையும் கணக்கில் சேருங்கள். குட்டி மோட் ஒன்று 10 நிமிடம், இடையில் லாபியும் (ஆள் சேரக் காத்திருக்கும் அறை) லோடிங்கும் 3 நிமிடம் என்று வைத்துக்கொள்வோம். ஒரு மணி நேரத்தில் முழுதாக முடிவது 4 மேட்ச். ஐந்தாவதை நடுவில் விட்டு எழுந்தால் முடிவில் வருகிற போனஸ் போய்விடும். ஆக விளையாடியது 40 நிமிடம். பிரேக்த்ரூ ஒன்று 25 நிமிடம் போனால் இரண்டு மேட்ச், 50 நிமிட ஆட்டம், 6 நிமிடக் காத்திருப்பு. கொஞ்ச நேரத்துக்கு எக்ஸ்பியை இரட்டிப்பாக்கும் டபுள் எக்ஸ்பி டோக்கன் போட்டிருக்கிறவனுக்கு இந்த வித்தியாசம் வலிக்கும். கதிர் சொல்கிற அந்த 2019 ஆட்டத்தில் டோக்கனின் கடிகாரம் லாபியில் ஆள் சேரும்வரை சும்மா நிற்கும்போதும் ஓடியதே, நினைவிருக்கிறதா?

கண்டெய்னர்கதிர்

நினைவிருக்கிறது, அதனால்தான் மேட்ச் தொடங்கிய பிறகு துப்பாக்கியை மாற்றுவேன், லாபியில் உட்கார்ந்து அலங்காரம் செய்ய மாட்டேன்.

உங்கள் 25 நிமிடத்தில் தாக்குகிற அணி முதல் செக்டாரையே தாண்டவில்லை என்றால் மேட்ச் சீக்கிரம் முடிந்துவிடும். அந்தக் கணக்கு எங்கே? கெய்ரோ மேப்பில் தாக்குகிற பக்கம் மாட்டிக்கொண்டு ஒரு தெருவைக்கூடக் கடக்காமல் டிக்கெட் (அணிக்கு மிச்சமிருக்கும் உயிர்க் கணக்கு) தீர்ந்து போகிற மேட்ச் வருவதே இல்லையா? நீங்கள் நல்ல நாளை எடுத்துக் கணக்கு போடுகிறீர்கள்.

இன்னொன்று. அதே கால் ஆஃப் டியூட்டி தொடரின் 2009 மாடர்ன் வார்ஃபேர் 2 பாருங்கள். டீம் டெத்மேட்ச்சில் ஒரு கில்லுக்கு 100, டொமினேஷனில் 50, சர்ச் அண்ட் டிஸ்ட்ராயில் 500. எண்ணை மட்டும் பார்க்கிறவன் சர்ச்சுக்குத்தான் ஓடுவான். ஆனால் அங்கே ஒரு ரவுண்டுக்கு ஓர் உயிர், செத்தால் மற்றவர்கள் ஆடுவதைப் பார்த்துக்கொண்டு உட்கார வேண்டும். 50 கொடுத்த டொமினேஷனில் கொடியைப் பிடித்தாலும் புள்ளி, அங்கே நின்று காத்தாலும் எதிரி தானே தேடி வருவான். ஒரு கில்லுக்கு எவ்வளவு என்பதைவிட நிமிடத்துக்கு எத்தனை தடவை ஏதாவது நடக்கிறது என்பதுதான் கணக்கு.

படிக்கட்டுக்காவலன்

அதையேதான் நானும் மெட்ரோவை வைத்துச் சொன்னேன். என்னமோ என்னை மறுப்பது போல எழுதியிருக்கிறீர்கள்!

விதிமுறைவித்யா

இரண்டாவது கேள்விக்கு வருகிறேன், அதை இரண்டு பேரும் நைசாகத் தாண்டிவிட்டீர்கள்.

பாட் ஃபார்மில் என்ன தப்பு? சர்வர் காசுக்குத்தான் ஓடுகிறது, அதில் இடம் அளவோடுதான் இருக்கிறது. பேட்டில்ஃபீல்ட் 6 வந்த அக்டோபர் 2025இல், போர்ட்டலில் ஒழுங்கான சர்வர் தொடங்க முயன்றவர்கள் இடம் இல்லை என்ற செய்தியைப் பார்த்துவிட்டுப் புகார் செய்தார்கள். அந்த இடங்களில் என்ன ஓடிக்கொண்டிருந்தது? பாட்களைக் கொல்லும் கூடங்கள். மனிதர்களை வைத்து வினோதமான மோட் ஒன்றைச் செய்து, நண்பர்களைக் கூப்பிட்டு ஆட நினைத்தவன் வெளியே நின்றான். சும்மா இருந்த பாட்டைச் சுட்டேன், யாருக்கு நஷ்டம் என்று கேட்கிறீர்கள். நஷ்டம் அவனுக்கு.

புதிதாக நடந்ததும் இல்லை. 2021 நவம்பரில் பேட்டில்ஃபீல்ட் 2042 வந்தபோதும் இதே போர்ட்டல், இதே ஃபார்ம், இதே முடிவு: அங்கே கிடைக்கும் எக்ஸ்பியைக் கட்டுப்படுத்தினார்கள். நாலு வருடம் கழித்து அதே கதை. ஃபார்ம் செய்தவன் சீக்கிரம் முடித்துவிட்டுப் போய்விட்டான், பிறகு நேர்மையாக போர்ட்டல் மோட் செய்கிறவனுக்குத்தான் கெடுபிடி.

ராத்திரிஷிஃப்ட்

வித்யா, இடம் பிடித்தது பற்றிச் சொன்னது நியாயமான புகார். ஆனால் அதில் என் பங்கு என்ன? எத்தனை சர்வருக்கு இடம் என்று முடிவு செய்தது நானா? பாட்டைக் கொன்றால் எக்ஸ்பி உண்டு என்று எழுதியது நானா?

அதே நேரத்தில் நடந்த இன்னொன்றை நீங்கள் சொல்லவில்லை. ஃபார்ம்களைக் கட்டுப்படுத்திய அதே காலத்தில் துப்பாக்கி இணைப்புகளின் ஆரம்ப லெவல்களுக்குத் தேவையான எக்ஸ்பியையும் குறைத்தார்கள், மேட்ச் முடித்தால் கிடைப்பதைக் கூட்டினார்கள். அதாவது ஏற்றம் மெதுவாக இருந்தது என்பதை அவர்களே ஒப்புக்கொண்டார்கள். ஃபார்ம் இல்லாமல் இருந்திருந்தால் அது அவ்வளவு சீக்கிரம் நடந்திருக்குமா? நான் சந்தேகப்படுகிறேன்.

கல்லூரி விடுமுறையில் நாள் முழுக்க ஆடுகிறவனிடம் எல்லா இணைப்பும் போட்ட துப்பாக்கி இருக்கிறது. என்னிடம் வெறும் இரும்பு. இரண்டு பேரும் ஒரே மேட்ச்சில். அந்த இடைவெளியைப் பாட்களிடம் சுருக்கிக்கொண்டால் எதிரே நிற்கும் மனிதருக்கு நான் இன்னும் நல்ல போட்டியாகத்தானே வருகிறேன்?

விதிமுறைவித்யா

எல்லா இணைப்பும் இருந்தும் குறி தப்பினால் எப்படி நல்ல போட்டி? நேராக ஓடி வருகிற பாட்டைச் சுட்டுப் பழகியவன், சுவரோரம் எட்டிப் பார்க்கிற மனிதனிடம் அரை நொடியில் விழுவான். பின்னுதைப்பு மட்டும் கைக்குப் பழகும், ஒத்துக்கொள்கிறேன். எங்கே நிற்க வேண்டும் என்பது பழகாது.

வால்வ் நிறுவனத்தின் டீம் ஃபோர்ட்ரஸ் 2 ஆட்டத்தை ஆடியவர்கள் இங்கே இருக்கிறார்களா? 2008 ஏப்ரலில் மெடிக்குக்குப் புது ஆயுதங்கள் வந்தன, சாதனைகளை முடித்தால்தான் கிடைக்கும் என்று வைத்தார்கள். உடனே சாதனைக்கென்றே தனி மேப்கள் முளைத்தன. இரண்டு அணியும் சண்டையை விட்டுவிட்டு வரிசையில் நின்று ஒருவரையொருவர் மாற்றி மாற்றிச் சுட அனுமதித்தன. 2009இல் பொருள் தானாக விழும் முறைக்கு மாற்றினார்கள், உடனே ஆட்கள் ஆடாமல் சும்மா நிற்க ஆரம்பித்தார்கள். அந்த செப்டம்பரில் வால்வ் பிடித்தது. வெளி நிரல் வைத்துப் பொருள் சேர்த்தவர்களின் பொருட்களைப் பறித்தது, அப்படிச் செய்யாதவர்களுக்குத் தலைக்கு மேல் ஒளிவட்டம் கொடுத்தது. அதன் பெயரே ஏமாற்றுக்காரனின் புலம்பல் என்ற பொருளில்தான் இருந்தது.

ராத்திரிஷிஃப்ட்

நீங்களே எனக்கு வாதம் எடுத்துக் கொடுக்கிறீர்கள். வால்வ் தண்டித்தது வெளி நிரல் ஓட்டியவர்களை. ஆட்டத்தைத் திறந்து வைத்து அதற்குள்ளேயே சும்மா நின்றவர்களை விட்டுவிட்டது. ஆட்டம் கொடுத்த கருவியைப் பயன்படுத்துவது வேறு, ஆட்டத்துக்கு வெளியிலிருந்து ஏமாற்றுவது வேறு என்று அவர்களே கோடு போட்டார்கள். போர்ட்டலில் பாட் வைக்கும் வசதி ஆட்டம் கொடுத்தது.

சும்மாபார்ப்பவன்

ஆடுவது போலக் காட்டக் கன்ட்ரோலரின் குச்சியில் ரப்பர் பேண்ட் சுற்றிவிட்டுச் சாப்பிடப் போகிறவன் எந்தப் பக்கம்? கேட்டுவைத்தேன்.

கண்டெய்னர்கதிர்

அவன் யார் பக்கமும் இல்லை, என் அணியில் இருப்பான். எப்போதும் என் அணியில்தான்.

வித்யாவுக்கு ஒன்று. ஃபார்மில் கெட்டது என்றால் எனக்கு அது மனிதர்கள் நடுவே நடப்பதுதான். 2009 ஆட்டத்தில் அணியில்லாமல் எல்லோரும் எல்லோரையும் சுடும் ஃப்ரீ ஃபார் ஆல் லாபிக்குள் இரண்டு கூட்டாளிகள் வந்து, ஒரு மூலையில் டாக்டிக்கல் இன்சர்ஷன் (செத்தால் அதே இடத்தில் பிறக்க வைக்கும் கருவி) வைத்து, ஒருவன் பிறக்கப் பிறக்க மற்றவன் சுடுவான். மீதி ஆறேழு பேரின் மேட்ச் வீணாகும். தனி அறையில் பாட்டைச் சுடுகிறவன் அதைவிடப் பரவாயில்லை. அதற்கு நீங்கள் இவ்வளவு கோபப்படுவது எனக்கு அதிகமாகத் தெரிகிறது.

விதிமுறைவித்யா

தனி அறை என்றால் தனியாக இருக்கட்டும். எக்ஸ்பி இல்லாமல், பொதுப் பட்டியலில் வராமல், எத்தனை பாட் வேண்டுமானாலும் சுடட்டும். நான் ஒரு வார்த்தை சொல்ல மாட்டேன். எக்ஸ்பி உண்டு என்றால் அது தனி அறை இல்லை, எல்லோரும் ஏறுகிற அதே ஏணி. போர்ட்டல் பட்டியலைத் திறந்தால் நல்ல மோட் ஒன்றைத் தேட எவ்வளவு தூரம் உருட்ட வேண்டியிருந்தது என்று ஞாபகம் இருக்கிறதா?

படிக்கட்டுக்காவலன்

இது தீரப்போவதில்லை. ராத்திரிஷிஃப்ட் தம்பிக்கு நடைமுறையாக ஒன்று சொல்கிறேன், ஃபார்ம் பேச்சு ஓடட்டும்.

துப்பாக்கி ஏற வேண்டுமா, கதிர் சொன்ன குட்டி மோடில் தொடங்குங்கள், கைக்கு ஏற்ற சைட் கிடைக்கும்வரை மட்டும். அதற்குப் பிறகு பிரேக்த்ரூ. காக்கிற பக்கம் வந்தால் ஒரு தெரு முனையைப் பிடித்துக்கொண்டு நகராதீர்கள், எதிரிக்கு வேறு வழி இருக்காது. தாக்குகிற பக்கம் வந்தால் சுடுவதை மறந்துவிட்டு முதல் வேலை புகைக்குண்டு, இரண்டாவது ஆட்களை எழுப்புவது. நண்பர்கள் இல்லாமல் தனியாகப் போனாலும் ஆட்டம் சேர்த்துவிடும் ஸ்குவாட் (சின்னக் குழு) கூடவே ஒட்டிக்கொள்ளுங்கள். செத்த பிறகு அவர்கள் பக்கத்திலேயே பிறந்தால் நீங்கள் குறை சொன்ன அந்த ஓட்டம் பாதி குறையும்.

கண்டெய்னர்கதிர்

"கைக்கு ஏற்ற சைட் கிடைக்கும்வரை மட்டும்" என்று போகிற போக்கில் எல்லை போடுகிறீர்கள் பாருங்கள். சைட் வந்த பிறகு குழல், பிடி, மேகசின் எல்லாம் யார் தருவார்? எக்ஸ்பியைக் கூட்டும் பூஸ்டர் இருந்தால் கிங் ஆஃப் த ஹில்லில் போட்டுத் தீருங்கள் ராத்திரிஷிஃப்ட், பிரேக்த்ரூவில் வீணாக்க வேண்டாம்.

படிக்கட்டுக்காவலன்

பூஸ்டர் பிரேக்த்ரூவில்தான். லாபிக் கணக்கை மேலே எழுதியிருக்கிறேன், மறுபடி படியுங்கள்.

ராத்திரிஷிஃப்ட்

என்னிடம் இருப்பது ஒரே ஒரு பூஸ்டர். அண்ணனும் கதிரும் முடிவுக்கு வந்ததும் சொல்லுங்கள், அதுவரை பூஸ்டர் இல்லாமலே இரண்டிலும் ஆடிப் பார்க்கிறேன். வித்யா, போர்ட்டல் பக்கம் இந்த வாரம் போகவில்லை. உங்களுக்காக இல்லை, அங்கே இப்போது ஒன்றும் தேறாது என்பதால்.

விதிமுறைவித்யா

காரணம் எதுவானால் என்ன, ஒரு சர்வர் மிச்சம்.