ஃபிரான்ஸ் ஓஸ்டனின் மியூனிக் படங்கள் எங்கே கிடைக்கும்?

எங்கள் ஊர்த் திரைப்படச் சங்கத்தில் ஜெர்மன் இயக்குநர் ஃபிரான்ஸ் ஓஸ்டன் பற்றிப் பேச ஒப்புக்கொண்டிருக்கிறேன். கூட்டம் அடுத்த மாதம். பாதிக் கதைக்குத்தான் கையில் படம் இருக்கிறது.

இந்தியாவில் எடுத்த மௌனப் படங்களில் சிக்கல் இல்லை. தயாரிப்பாளரும் நடிகருமான ஹிமான்ஷு ராயோடு சேர்ந்து எடுத்த 'பிரேம் சன்யாஸ்' (1925), 'ஷிராஸ்' (1928), 'பிரபஞ்ச பாஷ்' (1929) மூன்றையும் பார்த்தாயிற்று. 'ஷிராஸ்' படத்தில் தண்டனை பெற்றவனின் தலைக்கு மேல் யானை காலைத் தூக்கும் காட்சி ஒன்று போதும், மனுஷன் லேசுப்பட்ட ஆள் இல்லை. அப்புறம் ராயின் பாம்பே டாக்கீஸ் கம்பெனிக்குப் படம் எடுத்தது, 1939இல் போர் மூண்டதும் பிரிட்டிஷார் பிடித்து அடைத்தது எல்லாம் தகவலாகக் கிடைத்துவிட்டது.

முட்டுவது அதற்கு முந்தின பகுதி. 1876இல் மியூனிக்கில் ஃபிரான்ஸ் ஓஸ்டர்மயர் என்ற பெயரில் பிறந்தவர். தம்பி பீட்டர் 1919இல் தொடங்கிய எமெல்கா படக் கம்பெனிக்குப் படங்கள் இயக்கினார். ஜெர்மன் எழுத்தாளர் கங்கோஃபரின் நாவலை வைத்து எடுத்த 'டெர் ஓக்சன்கிரீக்' (1920) அதில் ஒன்று. இதையெல்லாம் விட்டுவிட்டுப் பேசினால் அவர் ஏதோ ராய் கூப்பிட்டதால் வந்த ஆள் மாதிரி ஆகிவிடும்.

யூடியூப், ஆர்க்கைவ் தளம் இரண்டிலும் ஜெர்மன் எழுத்துக்கூட்டலிலேயே தேடினேன். சில புகைப்படங்கள்தான் வந்தன. டிவிடி கடைகளில் இந்தியப் படங்கள் மட்டும். ஜெர்மனியில் ஒரு காப்பகத்துக்கு எழுதினேன், தானியங்கிப் பதிலோடு சரி. சப்டைட்டில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை, சமாளித்துக்கொள்வேன்.

1920 முதல் 1924 வரை ஓஸ்டன் ஜெர்மனியில் எடுத்த படம் எதையாவது முழுதாகப் பார்த்தவர்கள் இங்கே இருக்கிறீர்களா, எங்கே பார்த்தீர்கள்?