நாலாம் நம்பர் வீடு

(பழைய குடித்தனக்காரர்களின் வாட்ஸ்அப் குழு. அறுபத்துமூவர் உற்சவத்துக்கு முந்தைய நாள் இரவு)

திண்ணை சேகர்: இன்று மயிலாப்பூர் போயிருந்தேன். நம் வீடு இருந்த இடத்தில் இப்போதிருக்கும் அபார்ட்மெண்ட் வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். செக்யூரிட்டி வந்து ரிஜிஸ்டரை நீட்டினார். ‘யாரைப் பார்க்க?’ என்று ஒரு கட்டம்.

மாடிப்படி குமார்: என்ன எழுதினாய்?

திண்ணை சேகர்: கிணறு.

கிணற்றடி மாலா: டேய்! 😂

திண்ணை சேகர்: அவர் படித்துவிட்டு, “எந்த ஃப்ளோர் சார்?” என்றார். தரைக்குக் கீழே என்றேன்.

மாடிப்படி குமார்: அதன் மேல் இப்போது யாருடைய காரோ நிற்கிறது. கிணற்றில் விழுந்த வாளியை எடுப்போமே, எங்கள் பாதாளக் கரண்டி, அது இன்னும் பரணில்தான் இருக்கிறது. கொண்டு வரட்டுமா? காரைத் தூக்கிப் பார்த்துவிடலாம்.

கிணற்றடி மாலா: அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். மேடவாக்கம் வந்த இந்த இரண்டு வருடத்தில் அவள் இப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. அங்கே எட்டுக் குடித்தனத்துக்கு ஒரே குழாய், தினமும் சண்டை. ஆனால் ஒருத்தி இரண்டு நாள் குடத்தோடு வரவில்லை என்றால் போய்க் கதவைத் தட்டுவோம். இங்கே எந்நேரமும் தண்ணீர் வருகிறது, எதிர் ஃப்ளாட்காரர் பெயர் தெரியாது. தினமும் ஏதாவது எழுதுங்கள்டா.

மாடிப்படி குமார்: எழுதுகிறேன் அக்கா. இன்றைய செய்தி, என் வாடகை 14,000-லிருந்து 22,000 ஆகிறது. பத்து மாத அட்வான்ஸும் அதற்கேற்ப ஏறுமாம். திருமயிலையில் இரண்டு மெட்ரோ வழித்தடங்கள் பூமிக்கடியில் சேர்கின்றன, இந்த ஏரியா எங்கேயோ போய்விடும் என்கிறார் ஓனர்.

திண்ணை சேகர்: ஏரியா அங்கேயேதான் இருக்கும். நான் ஊரப்பாக்கம் போனேன், அக்கா மேடவாக்கம் போனார்.

மாடிப்படி குமார்: அடுத்து நான் செங்கல்பட்டா?

திண்ணை சேகர்: உன்னை அவ்வளவு சுலபமாக விடமாட்டோம். 2017 வாடகைச் சட்டப்படி, உடன்படிக்கையில் எழுதியிருப்பது போலத்தான் வாடகையை ஏற்றலாம். பத்திரத்தை நாளைக்குக் கொண்டு வா, உட்கார்ந்து படிப்போம்.

மாடிப்படி குமார்: எங்கே உட்காருவது? திண்ணைதான் இல்லையே.

திண்ணை சேகர்: நீர்மோர்ப் பந்தலுக்குப் பின்னால். மோரும் கிடைக்கும்.

கிணற்றடி மாலா: நாங்கள் வேளச்சேரியில் பறக்கும் ரயில் ஏறி, இரண்டு மணிக்குள் திருமயிலை வந்துவிடுவோம். அம்மாவுக்கு முட்டி வலி. யாராவது ஸ்டேஷனுக்கு வாருங்கள்.

மாடிப்படி குமார்: நான் வருகிறேன் அக்கா.

கிணற்றடி மாலா: அப்புறம் குமார், அந்தப் பாதாளக் கரண்டி எங்களுடையதாம். உன் அப்பா இரவல் வாங்கிப் போனாராம். மறக்காமல் கொண்டு வரச் சொல்கிறாள்.