தோட்டத்துக்கு இங்கிலீஷ் மருந்து வந்தது யாருக்காக?

பசறையூரான்:
எங்கள் வாசிகசாலையில் நடந்த ஒரு பேச்சில் பெரியவர் ஒருவர், "வெள்ளைக்காரன் நமக்குச் செய்த ஒரே நல்ல காரியம் இங்கிலீஷ் வைத்தியம்" என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். எனக்கு மனம் வரவில்லை, அதனால்தான் இங்கே எழுதுகிறேன்.

1830களில் இலங்கை மலைநாட்டில் கோப்பித் தோட்டங்கள் பெருகத் தொடங்கியதிலிருந்து, தமிழ்நாட்டிலிருந்து வந்த நம் ஆட்களை மன்னாரிலிருந்து மாத்தளைக்குக் காட்டு வழியே நடத்திக் கூட்டி வந்தார்கள். வாந்திபேதியும் அம்மையும் வழியெல்லாம் ஆள் தின்றன. நடக்க முடியாதவரை விட்டுவிட்டு மற்றவர்கள் நகர்ந்தார்கள். சிவில் மருத்துவத் திணைக்களம் 1858இல் வந்தது. தோட்டத் தொழிலாளியின் வைத்தியத்துக்கென்று தனிச் சட்டம் வர 1872 ஆனது. கிட்டத்தட்ட நாற்பது வருஷம் கழித்து! அதுவும் கருணையால் வந்ததில்லை. ஆள் செத்தால் முன்பணமும் போச்சு, வேலைக்குக் கையும் போச்சு. துரைமாரின் கணக்குப் புத்தகத்திலிருந்து பிறந்த வைத்தியத்துக்கு நாம் ஏன் நன்றி சொல்ல வேண்டும்?

கிளினிக் அக்கா:
தம்பி, நான் தாதியாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். துரைமாருக்கு வக்காலத்து வாங்க வரவில்லை. ஆனால் ஒன்று எதற்காக வந்தது என்பதையும் வந்த பிறகு என்ன செய்தது என்பதையும் பிரித்துப் பாருங்கள்.

பசு அம்மையை வைத்துப் பெரியம்மையைத் தடுக்கலாம் என்று இங்கிலாந்து வைத்தியர் ஜென்னர் 1796இல் காட்டினார். 1802இல் அந்தத் தடுப்பூசி இலங்கைக்கு வந்துவிட்டது. 1980இல் பெரியம்மை உலகத்திலேயே இல்லை என்று அறிவித்தார்கள். முகமெல்லாம் தழும்போடு, கண் போன மனிதர்களை நம் பிள்ளைகள் பார்த்ததே இல்லை.

கொக்கிப்புழுவையும் சொல்ல வேண்டும். 1916இல் அமெரிக்காவின் ரொக்பெல்லர் நிறுவனத்தார் மாத்தளைப் பக்கத் தோட்டங்களில் அதை ஒழிக்கும் வேலையை ஆரம்பித்தார்கள். அந்தப் புழுவின் குஞ்சு மண்ணில் கிடக்கும். வெறுங்காலின் தோலைத் துளைத்து உள்ளே போய், இரத்தத்தோடு நுரையீரலுக்கு ஏறி, தொண்டைக்கு வந்து, விழுங்கப்பட்டு, குடலில் ஒட்டிக்கொண்டு இரத்தம் குடிக்கும். செருப்பில்லாமல் மலை ஏறிக் கொளுந்து பறித்த பெண்கள் வெளிறிப் போய், வயிற்றில் பிள்ளையோடு மயங்கி விழுந்தது இதனால்தான். அவர்களைச் சோம்பேறி என்று திட்டினார்கள். அது சோம்பலில்லை, நோய் என்று நிரூபித்தது இந்த வைத்தியம். அதை நான் சும்மா விடமாட்டேன்.

பசறையூரான்:
அக்கா, கொக்கிப்புழு கதை என் பக்கம்தான் சாய்கிறது. மருந்து கொடுக்கத் தோட்ட நிர்வாகங்கள் சம்மதித்தன, புழு போனால் ஆள் கூடுதலாக வேலை செய்வான் என்பதால். கக்கூஸ் கட்டச் சொன்னபோது இழுத்தடித்தார்கள். கக்கூஸ் இல்லாத லயத்தில், அதாவது தொழிலாளரின் வரிசை வீடுகளில், மருந்து குடித்தவன் அதே மண்ணை மிதித்து மறுபடியும் புழுவை வாங்கினான். அந்தக் காலத்துத் தைமோலும் கீனோபோடியம் எண்ணெயும் உடம்பை உலுக்கும் மருந்துகள். உடம்பு வேலைக்குத் தேவை, அதனால் மருந்து. மனுசன் இருக்கும் இடம் தேவையில்லை, அதனால் லயம் லயமாகவே இருந்தது.

ஊவா வைத்தியன்:
இருவரும் ஒன்றை மறக்கிறீர்கள். நம்மோடு வந்த வைத்தியம் எங்கே போனது? மருத்துவச்சிக் கிழவிகள், எண்ணெய் காய்ச்சுகிறவர்கள், வல்லாரையும் ஆடாதோடையும் தெரிந்தவர்கள் ஒவ்வொரு தோட்டத்திலும் இருந்தார்கள். டிஸ்பென்சரி வந்ததும் அவர்களுக்கு மதிப்புப் போய்விட்டது.

மேற்கு வைத்தியம் என்கிறோமே, அதில் எவ்வளவு மேற்குக்குச் சொந்தம்? காய்ச்சலுக்கான கொயினா, தென்னமெரிக்க மலைவாசிகளுக்குத் தெரிந்திருந்த சிங்கோனா மரத்துப் பட்டை. 1820இல் பிரான்ஸில் அதிலிருந்து குவினைனைப் பிரித்தெடுத்தார்கள். 1861இல் நுவரெலியாவுக்கு அருகே ஹக்கல பூங்காவையே சிங்கோனா வளர்க்கத்தான் தொடங்கினார்கள். கோப்பி நோயில் அழிந்தபிறகு மலையெங்கும் நட்டார்கள். அந்தப் பட்டையை உரித்தது நம் பாட்டன்மார் கை. ஐரோப்பாவிலோ 1847இல் வியன்னாவில் செம்மல்வைஸ் என்ற வைத்தியர், கை கழுவிவிட்டுப் பிரசவம் பாருங்கள் என்று சொன்னதற்கு அவரை ஒதுக்கினார்கள். இவர்களா நம் மருத்துவச்சியை அசுத்தம் என்பது?

கிளினிக் அக்கா:
வைத்தியன் ஐயா, செம்மல்வைஸுக்குச் செய்தது அநியாயம். ஆனால் அவர் எண்ணி வைத்த கணக்கு நின்றது. கை கழுவத் தொடங்கிய பிறகு அவருடைய வார்டில் தாய்மார் சாவு மளமளவென்று குறைந்தது. பிறகு ஐரோப்பா முழுக்கக் கை கழுவியது. நூற்றாண்டுக் கணக்கில் நோயாளியின் இரத்தத்தை வடித்து வைத்தியம் பார்த்தவர்கள் அதையும் கைவிட்டார்கள். தவறிய முறையை எண்ணிப் பார்த்து விட்டுவிடுகிற பழக்கம் அதில் இருக்கிறது. நம் கை வைத்தியத்தையும் அப்படி எண்ணிப் பார்த்தால் நிற்பது நிற்கும். தடிமனுக்குக் கொத்தமல்லி அவித்துக் குடியுங்கள், நானும் குடிக்கிறேன். இரத்தப்போக்கோடு கிடக்கிற பிள்ளைத்தாய்ச்சிக்கு அது போதாது. 1930களில் இந்த நாட்டில் ஒரு லட்சம் பிறப்புக்கு ஆயிரத்துக்கு மேல் தாய்மார் இறந்தார்கள். இன்று நாற்பதுக்கும் கீழ். அந்த வார்டில் நின்றவள் நான்.

லிந்துலை மாணவி:
மூவரும் மருந்தைப் பற்றிப் பேசுகிறீர்கள். அறிவு யார் கைக்குப் போனது என்று கேட்க எனக்கு ஆசை.

அதே நூற்றாண்டு, அதே தீவு. 1847இல் யாழ்ப்பாணம் வந்த அமெரிக்க மிஷன் வைத்தியர் சாமுவேல் கிறீன், மானிப்பாயில் தமிழ்ப் பையன்களுக்குத் தமிழிலேயே இந்த மருத்துவத்தைக் கற்பித்தார். உடற்கூறு, பிரசவம், இரண வைத்தியம் எல்லாம் தமிழ்ப் புத்தகமாக வந்தன. மதம் பரப்ப வந்தவர்தான், அது வேறு பேச்சு. ஆனால் அங்கே தமிழன் வைத்தியன் ஆனான். மலையில் கூப்பன் நீட்டி மருந்து வாங்குகிறவனாக மட்டும் இருந்தான். 1948இல் பிரஜாவுரிமையும் போனது. தோட்டப் பள்ளிக்கூடங்கள் வெகுகாலம் ஐந்தாம் வகுப்போடு நின்றன. பிறகு நம் பிள்ளை எப்படி மருத்துவ பீடம் போவாள்? இன்றும் என் அம்மாவுக்கு என்ன நோய் என்று வைத்தியர் சிங்களத்தில் சொல்ல, பக்கத்துக் கட்டில்காரர் மொழிபெயர்க்க வேண்டியிருக்கிறது.

பசறையூரான்:
தங்கச்சி சொன்னதில் இன்னொன்றையும் சேர்க்கிறேன். மலையகப் பெண்களுக்குக் கருத்தடைச் சத்திரசிகிச்சை மற்றப் பகுதிகளைவிடக் கூடுதலாகச் செய்யப்பட்டது. எத்தனை பேருக்கு விளங்கும்படி சொல்லிச் சம்மதம் கேட்டார்கள்?

கிளினிக் அக்கா:
அந்தக் கேள்வி நியாயம். கேட்கவே வேண்டும். ஆனால் அதைச் சொல்லிப் பெண்களைக் கிளினிக் பக்கம் வராமல் பயமுறுத்தாதீர்கள், அதுதான் என் கவலை. 2016 சுகாதார அளவீட்டில் நாடு முழுவதும் ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் 17 வீதம் பேருக்கு வயதுக்கேற்ற உயரமில்லை. தோட்டங்களில் 32 வீதம். அங்கே குறைவது மருந்து, சத்துணவு, நல்ல தண்ணீர் எல்லாம்தான்.

பசறையூரான்:
சம்பளமும் குறைவு அக்கா. அதையும் எழுதுங்கள்.

ஊவா வைத்தியன்:
என் தோட்டத்து ரோட்டில் ஆம்புலன்ஸ் ஏறாது. ஆம்புலன்ஸ் சேவையின் 1990 என்ற எண்ணுக்கு அழைத்தால் வாகனம் மெயின் ரோட்டோடு நிற்கிறது. நோயாளியைக் கம்பளியில் கட்டித் தூக்கிக்கொண்டு இறங்குகிறோம். என் மூலிகைக்கும் உங்கள் ஊசிக்கும் நடுவில் அந்த ரோடு கிடக்கிறது.

லிந்துலை மாணவி:
எங்கள் ரோடும் அதே மாதிரிதான். அவரவர் தோட்ட ரோட்டைப் படம் எடுத்து இங்கே போடுங்கள். பிரதேச சபைக்குக் கொடுக்கிற மனுவை நான் எழுதுகிறேன். அக்கா, அதில் மருத்துவப் பகுதியை நீங்கள் பார்த்துத் தர வேண்டும்.