பஸ்ஸுக்குப் பின்னாலேயே ஸ்கூட்டியில் போனேன்

ஸ்ரீரங்கத்து அம்மா:
மகள் பிளஸ் ஒன். டியூஷன் சத்திரம் பஸ் ஸ்டாண்டு பக்கம். இத்தனை நாள் நான்தான் கொண்டுபோய் விடுவேன். போன மாதம் "இனிமே பஸ்ல போறேம்மா" என்றாள். சரி என்றுவிட்டேன். ஆனால் அவள் ஒண்ணாம் நம்பரில் ஏறியதும் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டு பின்னாலேயே கிளம்பிவிட்டேன். மாம்பழச்சாலை தாண்டி காவிரிப் பாலம் ஏறும்போது பஸ்ஸின் பின் கண்ணாடியில் அவள் முகம். பார்த்துவிட்டாள்! முறைப்பாள் என்று பார்த்தால், உள்ளங்கையால் தன் தலையை இரண்டு தடவை தட்டிக் காட்டினாள். பாலம் இறங்கின பிறகுதான் உறைத்தது, ஹெல்மெட் போடாமல் வந்திருக்கிறேன். சாயங்காலம் அவளும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

தாம்பரத்து அப்பா:
நான் பின்னால் எல்லாம் போனதில்லை. வாட்ஸ்அப் லைவ் லொகேஷன் இருக்கிறதே, 8 மணி நேரம் வரைக்கும் ஓடும். அதைப் போடாமல் பையன் வாசல் தாண்ட முடியாது. ஒரு சனிக்கிழமை புள்ளி மாம்பலத்திலேயே நின்றுவிட்டது. போன் எடுக்கவில்லை. மின்சார ரயில் பிடித்துப் போனால், பிளாட்பார பெஞ்சில் அவன் நண்பன், மடியில் இரண்டு போன். "அங்கிள்... அவன் பீச்சுக்குப் போயிருக்கான்." சந்தேகத்தில் அங்கேயே பையன் நம்பரைப் போட்டேன். மடியில் இருந்த அவன் போன் திரையில் 'கன்ட்ரோல் ரூம்' என்று வந்தது. நான்தான் அது.

மதுரை சித்தி:
மேலே அப்பா செய்ததுக்குப் பெயர் வேவு. அம்மா செய்தது வேறு, இரண்டையும் ஒன்றாகப் பேசாதீர்கள். எங்கள் அக்கா மகன் பதினாறு வயதில் வண்டி கேட்டான், மாமா சாவியைக் கொடுத்தார், போலீஸ் பிடித்தது. அவ்வளவுதான் கதை. ஆனால் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள். 16 வயதில் லைசென்ஸ் கிடைப்பது 50 சிசி வரைக்குமான கியர் இல்லாத வண்டிக்குத்தான். வீட்டில் நிற்கிற ஸ்கூட்டியெல்லாம் 110, 125. 2019 சட்டத் திருத்தப்படி பிள்ளை ஓட்டி மாட்டினால் பெற்றவருக்கோ வண்டிக்காரருக்கோ 25,000 ரூபாய் அபராதம், 3 ஆண்டு வரை சிறை. வண்டிப் பதிவு 12 மாதத்துக்கு ரத்து. பிள்ளைக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடையாது. அதனால் பஸ்ஸே நல்லது. பெண் பிள்ளைக்குச் சாதாரண டவுன் பஸ்ஸில் காசும் இல்லை.

ஸ்ரீரங்கத்து அம்மா:
அவள் சாவியே கேட்கலைங்க. நேற்று நல்ல மழை, வந்து கூட்டிக்கொண்டு வரட்டுமா என்று மெசேஜ் போட்டேன். "வேணாம்மா. வந்தா ஹெல்மெட் போட்டுட்டு வா" என்று பதில்.