மூன்று உலகம், மூன்று நாள்காட்டி: கணக்குத் தெரிந்தவர்கள் கைகொடுங்கள்

வணக்கம் நண்பர்களே, பினாங்கிலிருந்து எழுதுகிறேன். பல உலகங்கள் அடுத்தடுத்து இருக்கும் ஒரு மாயக்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன், நாள்காட்டியில் மாட்டிக்கொண்டேன்.

யோசனை வந்தது வீட்டுச் சுவரில் தொங்கும் குதிரை காலண்டரிலிருந்துதான் (குதிரைப் பந்தய நாள்களையும் குறித்திருக்கும் மலேசியக் காலண்டர்). ஒரே கட்டத்துக்குள் ஆங்கிலத் தேதி, சீனத் தேதி, இஸ்லாமியத் தேதி, தமிழ்த் தேதி என்று நெருக்கியடித்துக்கொண்டு இருக்குமே, அதுவே பல உலகம் மாதிரிதானே! நோன்புப் பெருநாள் ஆண்டுக்குச் சுமார் 11 நாள் முன்னால் நகர்கிறது, சீனர்கள் 19 ஆண்டில் 7 மாதத்தைக் கூடுதலாகச் சேர்த்துச் சமாளிக்கிறார்கள், நம் சித்திரை மட்டும் ஏப்ரல் நடுவிலேயே நிற்கிறது.

அதனால் முதல் உலகத்தின் ஆண்டுக்கு நிலவுக் கணக்கில் 354 நாள், இரண்டாவதுக்குச் சூரியக் கணக்கில் 365 என்று வைத்தேன். இரண்டிலும் புத்தாண்டு ஒன்றாக விழும் நாளில்தான் கதவு திறக்கும். சரி, கணக்குப் போட்டால் 1,29,210 நாளுக்கு ஒருமுறை! இரண்டாம் உலகத்தில் 354 ஆண்டு. அதற்குள் என் கதாநாயகி பத்துத் தலைமுறை தாண்டிவிடுவாள்.

360, 384 என்று மாற்றினால் 5,760 நாளில் சேர்கிறது, அதாவது முதல் உலகத்தில் 16 ஆண்டு. கதைக்குக் கச்சிதம். ஆனால் முதல் உலகத்தின் நிலவு 29.5 நாள் சுற்று, 360-க்குள் முழுசாக அடங்காது.

நிலவை மாற்றுவதா, கூடுதல் மாதம் சேர்ப்பதா? அப்புறம், மூன்றாம் உலகத்துக்குப் பிரபவ, விபவ மாதிரி 60 ஆண்டுப் பெயர்ச் சுழற்சி வைக்க ஆசை, பெயர்கள் தோன்றினால் அதையும் போடுங்கள்.