‘பெஸ்ட் ஆஃப் செவன்’: ஏழுக்கு நாலா, நால்வெற்றியா?

அன்பின் குழுவினருக்கு,

மூன்று நாளாக இந்த இழை ஓடுகிறது. இன்றுதான் உட்கார்ந்து முதலிலிருந்து படித்தேன். பேஸ்பாலில் ‘பெஸ்ட் ஆஃப் செவன்’ என்கிறார்களே, ஏழு ஆட்டத்துக்குள் முதலில் நான்கு ஜெயித்த அணிக்கே வெற்றி என்ற முறை, அதற்குத் தமிழில் என்ன சொல் என்று கேள்வியைக் கிளப்பிவிட்டவன் நான், ஒளிந்துகொள்ள முடியாது. கொஞ்சம் நீளமாக வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

> ‘ஏழு போட்டிகள் கொண்ட தொடர்’ என்று பத்திரிகைகளில் எழுதுகிறோமே, அது போதாதா? புதுச்சொல் எதற்கு?

போதாது ஐயா. பட்டுத்தான் சொல்கிறேன். அமெரிக்க பேஸ்பாலின் இறுதித் தொடரான வேர்ல்டு சீரிஸ், அதன் 2012 பதிப்பு பற்றி ஒரு சின்னக் கட்டுரை எழுதி, அனுப்புவதற்கு முன் அப்பாவிடம் படிக்கக் கொடுத்தேன். ‘ஏழு போட்டிகள் கொண்ட தொடரில் சான் பிரான்சிஸ்கோ 4-0 என்ற கணக்கில் டெட்ராய்ட்டை வென்றது’ என்று முதல் வரி. அப்பா கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கேட்டார்: “மீதி மூணு மேட்ச் மழையில போயிடுச்சா?”

கேள்வியில் தப்பே இல்லை. அவர் கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவர். அங்கே ஐந்து டெஸ்ட் கொண்ட தொடர் என்றால் ஐந்தும் நடக்கும். முதல் மூன்றை ஒரே அணி சுருட்டினாலும் நாலாவதும் ஐந்தாவதும் உண்டு. தோற்ற அணி கடைசி ஆட்டத்தில் ஜெயித்தால் மறுநாள் ‘ஆறுதல் வெற்றி’ என்று தலைப்பு வரும். பேஸ்பால் பிளே-ஆஃபில் (பருவம் முடிந்தபின் சாம்பியனைத் தீர்மானிக்கும் சுற்றுகள்) ஆறுதல் வெற்றி என்ற பேச்சுக்கே இடமில்லை. நான்காவது வெற்றி விழுந்ததும் கடையைக் கட்டிவிடுவார்கள். ஐந்தாம் ஆட்டத்துக்கு டிக்கெட் வாங்கி வைத்தவருக்குப் பணம் திரும்பிவிடும்.

(பேஸ்பாலும் ஒரு காலத்தில் கிரிக்கெட் மாதிரிதான் இருந்தது. 1887இல் டெட்ராய்ட்டும் செயின்ட் லூயிஸும் ஊர் ஊராகப் போய் 15 ஆட்டம் ஆடின. எட்டு ஜெயித்தாலே போதும். டெட்ராய்ட் பத்து ஜெயித்தது, 10-5. முடிவு தெரிந்த பிறகும் ஆடித் தீர்த்திருக்கிறார்கள்.)

ஆகவே புதுச்சொல்லில் ‘போதுமான வெற்றி வந்ததும் முடிந்தது’ என்ற பொருள் இருந்தாக வேண்டும். நான் கேட்பது இந்த ஒன்றுதான்.

> ‘ஏழின் சிறந்தது’ என்று நேரடியாகவே வைத்துவிடலாம்.

எழுதியவர் கோபித்துக்கொள்ளக் கூடாது. ஏழு ஆட்டத்தில் எது நல்ல ஆட்டம் என்று பட்டிமன்றம் வைப்பது போல இருக்கிறது. இதை விட்டுவிடலாம்.

> அறுதிப் பெரும்பான்மை என்கிறோமே, பாதிக்கு மேல் கிடைத்ததும் முடிவு. ‘அறுதித் தொடர்’?

அக்கா, இந்தச் சொல் எனக்கு ஒரு நாள் முழுக்கப் பிடித்திருந்தது. பத்திரத்தில் ‘அறுதிக் கிரயம்’ என்று எழுதுகிற அறுதி; அதற்கு மேல் பேச்சில்லை என்ற கறார் அதில் இருக்கிறது. சிக்கல் எங்கே என்றால், வேர்ல்டு சீரிஸ் இறுதித் தொடர். அதுவே அறுதித் தொடரும்கூட. ‘இறுதித் தொடர் ஓர் அறுதித் தொடர்’ என்று எழுதிப் பாருங்கள். பிழை திருத்துபவர் ஒன்றை இன்னொன்றாக மாற்றிவிட்டு நமக்கு உதவி செய்ததாக நினைத்துக்கொள்வார். அதோடு, எத்தனை வெற்றி வேண்டும் என்பதை இந்தச் சொல் சொல்வதில்லை. அந்த எண்ணில்தான் எல்லாமே இருக்கிறது.

எண்ணுக்கு அவ்வளவு மரியாதை ஏன் என்று கேட்பவர்களுக்காகக் கொஞ்சம் விளக்கம். என் பழைய பரிந்துரையான ‘ஏழுக்கு நான்கு’, அதாவது ஏழு ஆட்டத்துக்கு நான்கு வெற்றி, என்பதையே வைத்துச் சொல்கிறேன். ‘நூற்றுக்குத் தொண்ணூறு’ என்று அன்றாடம் பேசுகிற அதே ‘க்கு’ இது.

பிளே-ஆஃபின் இப்போதைய ஏற்பாடு 2022இல் வந்தது. அணிகள் பிரிந்திருக்கும் அமெரிக்கன் லீக், நேஷனல் லீக் இரண்டிலிருந்தும் ஆறாறு அணிகள், மொத்தம் 12. ஐபிஎல் பிளே-ஆஃபில் ஒவ்வொரு கட்டமும் ஒரே ஆட்டத்தில் முடியும். இங்கே அப்படி இல்லை. ஒவ்வொரு லீகிலும் டிவிஷன் (லீகின் உட்பிரிவு) வென்றவற்றில் முதல் இரண்டு அணிகள் முதல் சுற்றை ஆடாமலே தாண்டிவிடும். மற்ற நான்கும் வைல்டு கார்டு சுற்றில் மோதும்: மூன்றுக்கு இரண்டு, எல்லா ஆட்டமும் தரவரிசையில் முந்திய அணியின் ஊரிலேயே. அடுத்தது டிவிஷன் சீரிஸ்: ஐந்துக்கு மூன்று. அப்புறம் லீக் சாம்பியன்ஷிப், கடைசியாக வேர்ல்டு சீரிஸ். இரண்டும் ஏழுக்கு நான்கு. ஏழில் முதல் இரண்டு ஓர் ஊரில், நடு மூன்று அடுத்த ஊரில், கடைசி இரண்டு மறுபடி முதல் ஊரில். இதில் ஒரு வேடிக்கை உண்டு. ஐந்தே ஆட்டத்தில் முடிந்துவிட்டால், சொந்த மண் சாதகம் பெற்ற அணி ஊரில் இரண்டுதான் ஆடியிருக்கும். எதிரணி மூன்று ஆடியிருக்கும்.

சரி, மூன்றோ ஐந்தோ ஏழோ, என்ன வித்தியாசம்? ஒரு எதிரணியோடு நூறு ஆட்டம் ஆடினால் 55 ஜெயிக்கக்கூடிய அணி ஒன்றை எடுத்துக்கொள்வோம். ஒரே ஆட்டம் என்றால் அது முன்னேற நூற்றுக்கு 55 வாய்ப்பு. மூன்றுக்கு இரண்டு என்றால் 57.5. ஐந்துக்கு மூன்று என்றால் 59. ஏழுக்கு நான்கு, 61. ஒன்பதுக்கு ஐந்தாக்கினாலும் 62தான். நல்ல அணிதான் ஜெயிக்கும் என்று நூற்றுக்கு 95 உறுதி வேண்டுமானால் ஏறத்தாழ 270 ஆட்டம் ஆட வேண்டும். பருவம் முழுக்க ஆடுவதே 162. பனி கொட்டி, உருகி, அடுத்த பருவமே வந்துவிடும்.

அதாவது நீளம் கூடக் கூட நல்ல அணிக்கு நல்லது, ஆனால் கொஞ்சம்தான் நல்லது. 2023இல் 104 வெற்றி பெற்ற அட்லாண்டா, 101 பெற்ற பால்டிமோர், 100 பெற்ற லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸ் மூன்றும் ஐந்துக்கு மூன்றிலேயே வீட்டுக்குப் போயின. டாட்ஜர்ஸை 3-0 என்று துடைத்த அரிசோனாவின் கணக்கில் இருந்தது 84 வெற்றி. ‘சுற்று குட்டை, அதனால்தான்’ என்று அப்போது பலர் புலம்பினார்கள். நீளமாக்கினால் மட்டும்? 2001இல் 116 ஜெயித்த சியாட்டில், ஏழுக்கு நான்கில் நியூயார்க் யாங்கீஸிடம் 4-1 என்று தோற்றது.

இருந்தாலும் கூடுதலாகச் சேர்ந்த இரண்டு ஆட்டம் ஓர் ஊரின் சரித்திரத்தையே மாற்றியதும் உண்டு. லீக் சாம்பியன்ஷிப் 1969இல் தொடங்கி 1984 வரை ஐந்துக்கு மூன்று. 1985இல்தான் ஏழுக்கு நான்கு ஆனது. அந்த முதல் ஆண்டிலேயே டொராண்டோ, கான்சாஸ் சிட்டிக்கு எதிராக நான்கு ஆட்டம் முடிவில் 3-1 என்று முன்னால் நின்றது. முந்தைய ஆண்டாக இருந்தால் மூன்றாவது வெற்றியோடு கொண்டாட்டம்தான். புது விதிப்படி இன்னும் ஒன்று வேண்டும். அந்த ஒன்று வரவேயில்லை. முதல் ஆட்டத்திலும் நான்காம் ஆட்டத்திலும் எறிந்த டொராண்டோவின் டேவ் ஸ்டீப், ஏழாம் ஆட்டத்திலும் மூன்று நாள் ஓய்வோடு பந்தெறிய வந்தார். ஆறாவது இன்னிங்ஸ், ரன்னுக்கு ஓடுபவர்கள் நிற்கும் மூன்று பேஸிலும் ஆள். கான்சாஸ் சிட்டியின் ஜிம் சண்ட்பெர்க் அடித்த பந்து வலப்பக்கச் சுவரின் உச்சியில் பட்டுத் திரும்பியது. மூன்று பேரும் ஓடி வந்து ரன் சேர்த்துவிட்டார்கள். ஆட்டம் 6-2, தொடர் 4-3. கான்சாஸ் சிட்டி அதற்கப்புறம் வேர்ல்டு சீரிஸிலும் 1-3 என்று பின்தங்கி, அதையும் 4-3 என்று திருப்பியது.

சதவீதக் கணக்கில் தெரியாத சங்கதி ஒன்றும் இதில் இருக்கிறது: தோள். பருவத்தில் ஐந்து பிட்சர்கள் (பந்தெறிபவர்கள்) முறை வைத்து எறிவார்கள். குட்டைச் சுற்றில் இரண்டு, மூன்று நல்ல கைகளே போதும்; நீளச் சுற்றில் நாலாமவர் தேவை, அல்லது முதலாமவர் களைப்போடு திரும்ப வர வேண்டும். எண்ணை மாற்றினால் எந்த மாதிரி அணி ஜெயிக்கும் என்பதே மாறுகிறது.

ஆக, சொல்லில் எண் இருக்க வேண்டும். ‘ஏழுக்கு நான்கு’ போதும் என்றுதான் நேற்றுவரை இருந்தேன். 1912 என் வாயை அடைத்துவிட்டது.

1912 வேர்ல்டு சீரிஸ் ஏழுக்கு நான்கு. பாஸ்டன், நியூயார்க் ஜயன்ட்ஸ். ஆடியது எட்டு ஆட்டம்! இரண்டாவது ஆட்டம் 11 இன்னிங்ஸ் போயும் 6-6. மைதானத்தில் விளக்கு கிடையாது, இருட்டிவிட்டது, சமன். பாஸ்டன் கடைசியில் 4-3 என்று ஜெயித்தது. ‘ஏழுக்கு’ என்று சொல்லிவிட்டு எட்டு ஆடினால் அந்த ஏழுக்கு என்ன அர்த்தம்? 1922இலும் ஓர் ஆட்டம் இருட்டில் சமனானது. ஐந்து ஆட்டம், முடிவு 4-0.

ஜப்பானுக்குப் போனால் இன்னும் குழப்பம். அங்கே பிளே-ஆஃபுக்குப் பெயர் கிளைமாக்ஸ் சீரிஸ்; அதன் இறுதிக் கட்டத்தில், பருவத்தில் முதலிடம் பிடித்த அணிக்கு ஆடும் முன்பே ஒரு வெற்றியைக் கணக்கில் வைத்துவிடுவது வழக்கம். அப்போது ஆடுவது அதிகபட்சம் ஆறு. முதலில் நான்கைத் தொட்டவர் ஜெயித்தவர்.

ஏழு அசைகிறது, நான்கு அசையவில்லை. அப்படியானால் அசையாத எண்ணை வைத்துப் பெயரிடுவதுதான் முறை: மூன்றுக்கு இரண்டு = இருவெற்றித் தொடர். ஐந்துக்கு மூன்று = மூவெற்றித் தொடர். ஏழுக்கு நான்கு = நால்வெற்றித் தொடர். 1903இலும் 1919 முதல் 1921 வரையிலும் வேர்ல்டு சீரிஸ் ஒன்பதுக்கு ஐந்தாக இருந்தது. அது ஐவெற்றித் தொடர். மூவண்ணம், நால்வகை, ஐவகை என்று நாக்குக்குப் பழகிய ஒட்டுகள்தான், புதிதாக ஒன்றுமில்லை.

அடிக்க வாருங்கள்.

——

> மூவண்ணம், நால்வகை... நாக்குக்குப் பழகிய ஒட்டுகள்தான்

தம்பி, ஒட்டில் குறையில்லை, ‘தொடரில்’தான் குறை. ‘வெற்றித் தொடர்’ என்றால் எனக்கு அடுத்தடுத்து ஜெயிப்பது. 2004இல் பாஸ்டன் 0-3 என்று பின்தங்கியிருந்து, யாங்கீஸை வரிசையாக நான்கு ஆட்டத்தில் வென்றதே, அதை எப்படி எழுதுவாய்? ‘நால்வெற்றித் தொடரில் நால்வெற்றித் தொடர்’ என்றா? வாசகர் கட்டுரையை மூடிவிட்டு எழுந்து போய்விடுவார்.

‘நால்வெற்றிப் பந்தயம்’ என்று வைத்துப் பார். ஓட்டப்பந்தயம் போல, யார் முதலில் நான்கைத் தொடுகிறார்கள் என்பது அதில் வந்துவிடுகிறது.

——

அக்கா, 2004ஐக் கொண்டுவந்து என்னைச் சாய்த்துவிட்டீர்கள். ‘தொடர்’ போகட்டும்.

பந்தயம் பொருத்தமான சொல்தான், ஆனால் பேஸ்பாலில் அதைத் தொடவே பயமாக இருக்கிறது. 1919இல் ஐவெற்றியாக நடந்த வேர்ல்டு சீரிஸில் சிகாகோ வொயிட் சாக்ஸ் சின்சினாட்டியிடம் 5-3 என்று தோற்றது. சூதாடிகளிடம் பணம் வாங்கிக்கொண்டு தோற்ற விவகாரம் பின்னால் வெடித்து, எட்டு ஆட்டக்காரர்களுக்கு ஆயுள் தடை. அந்த ஆண்டைப் பற்றி ‘ஐவெற்றிப் பந்தயம்’ என்று எழுதினால் நான் ஏதோ கிண்டல் செய்வதாக நினைப்பார்கள்.

‘சுற்று’ என்று வைத்துக்கொள்கிறேன். கேரமிலிருந்து ஓட்டு எண்ணிக்கை வரை எல்லோருக்கும் தெரிந்த சொல். ஒரு சுற்றில் நான்கு ஜோடிகள் மோதினால் எந்த ஜோடியைச் சொல்கிறோம் என்ற கேள்வி வரும், தெரியும். அணிகளின் பெயரைச் சேர்த்து எழுதினால் தீர்ந்தது. வர்ணனையில் வாய் வழக்காக ‘ஏழுக்கு நாலு’ ஓடட்டும், அதை நிறுத்த நாம் யார். நம் சொற்பட்டியலில் இப்படி ஏற்றுகிறேன்:

நால்வெற்றிச் சுற்று: இரண்டு அணிகள் திரும்பத் திரும்ப மோதி, முதலில் நான்கு ஆட்டம் வென்ற அணி முன்னேறும் சுற்று, நான்காவது வெற்றியோடு முடியும், சமன் இல்லையெனில் அதிகபட்சம் ஏழு ஆட்டம்.

2012 கட்டுரையின் முதல் வரியை ‘நால்வெற்றிச் சுற்றில் சான் பிரான்சிஸ்கோ 4-0’ என்று மாற்றி நேற்று இரவு மறுபடி அப்பாவிடம் கொடுத்தேன். மழையைப் பற்றிக் கேட்கவில்லை. இரண்டாம் பத்திக்கு வந்ததும் நிறுத்தி, “அது என்னடா வைல்டு கார்டு?” என்றார். அதற்குத் தனி இழை தொடங்குகிறேன்.