நத்துனா கடலில் "தகராறே இல்லை" என்று இந்தோனேசியா சொல்வது ஏன்?

தென்திசை:
வணக்கம். தென்சீனக் கடலில் உரிமை கோரும் நாடுகள் என்றால் சீனா, தைவான், வியட்நாம், பிலிப்பைன்ஸ், மலேசியா, புருனே என்றுதான் எங்கும் எழுதுகிறார்கள். இந்தோனேசியா அந்தப் பட்டியலில் இல்லை. "சீனாவோடு எங்களுக்கு இங்கே எல்லைத் தகராறே கிடையாது" என்று ஜகார்த்தாவும் பல வருடங்களாகச் சொல்லிவருகிறது. ஆனால் இந்தோனேசியாவின் நத்துனா தீவுகளுக்கு வடக்கே சீனக் கடலோரக் காவல் கப்பல் வருகிறது, இந்தோனேசியா போர்க்கப்பலை அனுப்புகிறது, 2017 ஜூலையில் அந்தப் பகுதிக்கு "வட நத்துனா கடல்" என்று புதுப்பெயரே வைக்கிறது. தகராறு இல்லாத இடத்தில் இதெல்லாம் எதற்கு?

இன்னொரு சந்தேகம். வியட்நாம் ஆசியான் கூட்டாளி. அதோடு ஒரு கடல் எல்லை பேசி முடிக்க 2010 முதல் 2022 வரை ஆகியிருக்கிறது. இத்தனைக்கும் 2003-லேயே ஒரு கோடு ஒப்பந்தமாகிவிட்டது. ஒரே கடலுக்கு எதற்கு இரண்டு கோடு?

அடிக்கோடு:
இரண்டாவது கேள்வியை முதலில் எடுத்துக்கொள்வோம். அது விளங்கினால் முதல் கேள்விக்குப் பாதி விடை கிடைத்துவிடும்.

கடல் சட்டத்தில் கடலடித் தரை ஒரு கணக்கு, அதன் மேல் நிற்கும் தண்ணீர் வேறு கணக்கு. தரை என்பது கண்டத்திட்டு. எண்ணெய், எரிவாயு, தாதுக்கள் அதில் அடங்கும். தண்ணீரும் அதில் திரியும் மீனும் பிரத்தியேகப் பொருளாதார மண்டலத்தைச் சேர்ந்தவை. கரையின் அடிக்கோட்டிலிருந்து (கடல் தூரத்தை அளக்கத் தொடங்கும் கோடு) 200 கடல் மைல் வரை அந்த மண்டலத்தைக் கோரலாம். இந்த மண்டலம் என்ற ஏற்பாடே 1982-ஆம் ஆண்டு ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கையில்தான் உறுதியானது. அதற்கு முன் 1960-70களில் இந்தோனேசியா தன் அண்டை நாடுகளோடு போட்ட ஒப்பந்தங்கள் பலவும் எண்ணெய்க்காகப் போட்டவை, அதாவது தரைக்கு மட்டும். தண்ணீரைப் பிரிக்கும் வேலை பாக்கி நின்றுவிட்டது.

வியட்நாமோடு பேச்சு தொடங்கியதும் எண்ணெய் காலத்தில்தான். 2003 ஜூன் 26-இல் கையெழுத்தாகி 2007-இல் நடைமுறைக்கு வந்தது கண்டத்திட்டு ஒப்பந்தம். அடுத்து மீன். "போட்ட கோட்டையே தண்ணீருக்கும் வைத்துக்கொள்வோம்" என்றது வியட்நாம். இந்தோனேசியா ஒப்புக்கொள்ளவில்லை. தரையைப் பிரிக்கும்போது நிலத்தின் இயற்கை நீட்சி என்ற வாதத்துக்கு இடம் உண்டு, தண்ணீருக்கு அந்த வாதம் செல்லாது, தூரம் மட்டுமே கணக்கு, ஆகவே நடுக்கோடு இன்னும் வடக்கே தள்ளி விழ வேண்டும் என்பது ஜகார்த்தாவின் நிலை. இரண்டு கோட்டுக்கும் நடுவில் ஒரு நீண்ட பட்டை கிடந்தது. இரு நாட்டு மீன்வளத் துறையும் அதைத் தன்னுடையது என்றே நினைத்தன. 12 ஆண்டும் கரைந்தது அந்தப் பட்டையில்தான். 2022 டிசம்பரில் வியட்நாம் அதிபர் இந்தோனேசியா வந்தபோது பேச்சு முடிந்ததாக அறிவித்தார்கள்.

இரண்டு கோடு இருந்தால் என்ன சிக்கல் என்பதற்கு ஒரு உதாரணம். உடன்படிக்கையின் 77-ஆம் பிரிவுப்படி கடலட்டை, சிப்பி போலத் தரையோடு ஒட்டி வாழும் உயிர்கள் தரைக்காரருக்குச் சொந்தம். நீந்தும் மீன் தண்ணீர்க்காரருக்கு. ஒருவரின் தண்ணீருக்கு அடியில் இன்னொருவரின் தரை இருக்கும் இடத்தில் இழுவைமடி போட்டால் அது தரையைச் சுரண்டிக்கொண்டே போகும். மடியில் வருவது இரண்டும் கலந்த சரக்கு. யாருடைய அனுமதிச் சீட்டு வேண்டும், யார் பிடித்து வழக்குப் போடுவது? ஒப்பந்தத்தில் தனி ஷரத்து எழுதாவிட்டால் கப்பல் மாலுமி நடுக்கடலில் வைத்து முடிவெடுக்க வேண்டிவரும்.

இரண்டு கோடு முறையை ஏற்று எழுதிய ஒப்பந்தமும் இந்தோனேசியாவிடம் உண்டு. ஆஸ்திரேலியாவோடு 1997 மார்ச் 14-இல் கையெழுத்தான பெர்த் ஒப்பந்தம் அது. தரை ஆஸ்திரேலியாவுக்கு, மேலே தண்ணீர் இந்தோனேசியாவுக்கு என்று ஒன்றன்மேல் ஒன்று கிடக்கும் பெரும் பரப்பு அதில் வருகிறது. ஒருவர் வேலை தொடங்கும் முன் மற்றவருக்கு அறிவிக்க வேண்டும் என்ற விதியெல்லாம் எழுதிவைத்தார்கள். இரு நாடுகளுமே ஏற்புறுதி செய்யவில்லை, ஒப்பந்தம் நடைமுறைக்கு வரவே இல்லை. நடுவில் கிழக்குத் திமோர் தனி நாடாகிவிட்டதால் அந்தப் பக்கத்துக் கோடுகளைத் திருத்தாமல் இனி அதை அப்படியே உயிர்ப்பிக்கவும் முடியாது.

கையெழுத்தோடு எதுவும் முடிவதில்லை என்பதைச் செய்தி படிக்கும்போது மனதில் வையுங்கள். இந்தோனேசியாவின் 2000-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டப்படி (எண் 24) எல்லை ஒப்பந்தத்தை ஏற்க நாடாளுமன்றம் தனிச் சட்டமே இயற்ற வேண்டும், அதிபர் ஆணை போதாது. பிலிப்பைன்ஸோடு 20 ஆண்டு பேசி 2014 மே மாதம் கையெழுத்திட்டார்கள், 2019 ஆகஸ்டில்தான் அது நடைமுறைக்கு வந்தது.

நங்கூரம்:
முதல் கேள்விக்கு நான் வருகிறேன். "தகராறு இல்லை" என்பதை நழுவல் பேச்சு என்று நிறையப் பேர் எழுதுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அது கவனமாகத் தேர்ந்தெடுத்த சட்ட நிலைப்பாடு.

நத்துனா தீவுகள் இந்தோனேசியாவுடையவை என்பதைச் சீனாவும் மறுப்பதில்லை. உரசல் தீவைப் பற்றியது அல்ல, தீவுக்கு வடக்கே உள்ள 200 மைல் தண்ணீரைப் பற்றியது. தென்சீனக் கடலின் பெரும்பகுதியைத் தனதென்று காட்டும் சீனாவின் ஒன்பது கோட்டு வரைபடத்தின் ஓரம் அங்கே வந்து உரசுகிறது. இரு நாடுகளின் மண்டலம் ஒன்றன்மேல் ஒன்று படிந்தால், உடன்படிக்கையின் 74-ஆம் பிரிவுப்படி இருவரும் உட்கார்ந்து பேசிப் பிரிக்க வேண்டும், முடியும் வரை இடைக்கால ஏற்பாடு செய்ய முயல வேண்டும். "ஆமாம், இங்கே தகராறு உண்டு" என்று ஜகார்த்தா ஒருமுறை சொல்லிவிட்டால் அந்தப் பேச்சுமேசைக்குப் போகும் கடமை வந்துவிடும். உட்கார்ந்ததுமே ஒன்பது கோட்டுக்கு ஒரு மதிப்பு கிடைத்துவிடும். அதனால் தகராறு என்ற சொல்லையே வாயில் எடுப்பதில்லை.

வியட்நாமோடு அப்படியில்லை. அதற்கு எதிர்க்கரை இருக்கிறது, அங்கிருந்து 200 மைல் அளந்தால் உண்மையிலேயே மேலே படிகிறது. சட்டப்படி கோரிக்கை உள்ளவரோடு 12 ஆண்டு ஆனாலும் பேசு, இல்லாதவரோடு ஒரு நாள்கூடப் பேசாதே. இரண்டுக்கும் பின்னால் இருப்பது ஒரே கொள்கைதான்.

வரிசையாகப் பார்த்தால் இது தெளிவாகும். 2010 ஜூலையில் ஐ.நா.வுக்கு அனுப்பிய தூதரகக் குறிப்பில், ஒன்பது கோட்டு வரைபடத்துக்குச் சர்வதேசச் சட்டத்தில் அடிப்படை இல்லை என்றது இந்தோனேசியா. 2016 ஜூலை 12-இல் சீனா மேல் பிலிப்பைன்ஸ் தொடுத்த வழக்கின் தீர்ப்பு வந்தது. தென்சீனக் கடலில் உள்ள ஸ்ப்ராட்லி தீவுக் கூட்டத்தில் எந்தத் திட்டும் 200 மைல் மண்டலத்தைத் தராது என்று நடுவர் மன்றம் சொன்னது. இந்தோனேசியாவுக்கு அது பெரிய வரவு. ஸ்ப்ராட்லியிலிருந்து அளந்து நத்துனாவோடு படிகிறது என்று காட்டும் வழியும் அடைபட்டுவிட்டது. 2020 மே 26 குறிப்பில் இந்தத் தீர்ப்பைச் சுட்டித் தன் நிலையைத் திரும்பச் சொன்னார்கள். ஜூன் 2-இல் சீனா "மேலே படியும் கோரிக்கைகள் உண்டு, பேசித் தீர்ப்போம்" என்று பதில் போட்டது. ஜூன் 12-இல் இந்தோனேசியா "பேசுவதற்கு எதுவும் இல்லை" என்று முடித்தது. மூன்று வாரத்துக்குள் நடந்த அந்தக் கடிதப் போக்குவரத்தில் முழு விவகாரமும் அடங்கியிருக்கிறது.

ஆகவேதான் 2024 நவம்பர் 9-இல் பெய்ஜிங்கில் வந்த கூட்டறிக்கை அவ்வளவு சலசலப்பை உண்டாக்கியது. அதிபர் பிரபோவோவின் முதல் பயணம் அது. "மேலே படியும் கோரிக்கைகள் உள்ள பகுதிகளில் கூட்டு மேம்பாடு" என்று ஒரு வரி அதில் இருந்தது. இத்தனை ஆண்டு எழுதாமல் காத்த சொல் அதுதான். இரண்டே நாளில் வெளியுறவு அமைச்சகம், இது ஒன்பது கோட்டை ஏற்பதாகாது என்று விளக்கம் கொடுத்தது. விளக்கத்தால் சேதம் குறையும். ஆனாலும் எதிர்த்தரப்பு நாளைக்கு எடுத்துக்காட்டப்போவது அறிக்கையின் வரியைத்தான், விளக்கத்தை அல்ல. அந்த வரியை உள்ளே விட்டது பெரிய பிழை என்பது என் கருத்து. அதற்கு முந்தைய மாதம்தான் சீனக் கடலோரக் காவல் கப்பல் 5402-ஐ அதே கடலிலிருந்து திரும்பத் திரும்ப விரட்டியிருந்தார்கள்.

தென்திசை:
மிக்க நன்றி இருவருக்கும். தரை, தண்ணீர் பிரிவு இப்போதுதான் பிடிபடுகிறது. அப்படியானால் கோடு முடிவாகாத பட்டையில் ஒரு விசைப்படகைப் பிடித்தால் நடைமுறையில் என்ன செய்வார்கள்? படகை வெடிவைத்து மூழ்கடிப்பதெல்லாம் சட்டப்படி சரியா?

இரட்டைமடி:
முதலில் இடம். எந்த நேரத்தில் எந்த அட்சரேகை, தீர்க்கரேகை என்று கப்பல் பதிவேட்டில் ஏற வேண்டும், வலை தண்ணீரில் இருந்ததற்குப் படம் வேண்டும். இது பிசகினால் மற்றது எல்லாமே வீண். படகு ஓடினால் துரத்தலாம், ஐ.நா. உடன்படிக்கையின் 111-ஆம் பிரிவு. ஆனால் துரத்தல் தன் மண்டலத்துக்குள் தொடங்க வேண்டும், கண்ணுக்கோ காதுக்கோ எட்டும் தூரத்தில் நிற்கச் சொல்லிச் சைகை கொடுத்த பிறகு தொடங்க வேண்டும், நடுவில் அறுபடக் கூடாது. ரேடியோவில் தூரத்திலிருந்து கூப்பிட்டது மட்டும் போதாது. படகு தன் நாட்டு ஆட்சிக்கடலுக்குள் (கரையை ஒட்டிய 12 மைல்) நுழைந்துவிட்டால் அதோடு சரி.

பிடித்த பிறகு அதே உடன்படிக்கையின் 73-ஆம் பிரிவு. கொடி நாட்டுக்கு, அதாவது படகு பதிவான நாட்டுக்கு, உடனே தெரிவிக்க வேண்டும். நியாயமான பிணைத்தொகை கட்டினால் படகையும் ஆட்களையும் தாமதமின்றி விட வேண்டும். இரு நாடுகளும் வேறு மாதிரி ஒப்புக்கொள்ளாதவரை மீன் குற்றத்துக்குச் சிறைத் தண்டனை கிடையாது. இந்தோனேசிய மீன்வளச் சட்டத்தின் 102-ஆம் பிரிவும் இதையே சொல்கிறது. ஆட்சிக்கடலுக்குள், அதாவது 12 மைலுக்குள் பிடித்தால் இந்தப் பாதுகாப்பு இல்லை.

மூழ்கடிப்பு அந்த மீன்வளச் சட்டத்தின் 2009-ஆம் ஆண்டுத் திருத்தத்திலிருந்து வருகிறது. போதிய ஆரம்ப ஆதாரம் இருந்தால் வெளிநாட்டுப் படகை எரிக்கவோ மூழ்கடிக்கவோ 69-ஆம் பிரிவு இடம் தருகிறது. 2014 முதல் 2019 வரை சூசி புஜியாஸ்துதி மீன்வள அமைச்சராக இருந்தபோது நூற்றுக்கணக்கான படகுகள் போயின, அவற்றில் வியட்நாம் படகுகள்தான் அதிகம். உள்நாட்டில் பெரிய வரவேற்பு. ஆனால் பிணையில் விடச் சொல்லும் 73-ஆம் பிரிவோடு இது எப்படிப் பொருந்தும் என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

கோடு முடிவாகாத பட்டையில் கைது என்பதே ஆபத்து. 2019 ஏப்ரல் 27-இல் ஒரு வியட்நாம் மீன்பிடிப் படகை இந்தோனேசியப் போர்க்கப்பல் சிப்தாடி பிடித்தது. வியட்நாம் மீன்வளக் கண்காணிப்புக் கப்பல் வந்து போர்க்கப்பல் மீதே மோதியது. இரு தரப்பும் "எங்கள் கடல்" என்றே சொன்னார்கள். அவரவர் வரைபடப்படி இருவர் சொன்னதும் சரி.

இதற்கு மலேசியாவோடு செய்த ஏற்பாடு பரவாயில்லை. 2012 ஜனவரி புரிந்துணர்வுக் குறிப்பின்படி, எல்லை முடிவாகாத பகுதியில் மற்ற நாட்டு மீனவரைக் கண்டால் பிடிக்காமல் வெளியேறச் சொல்லி அனுப்ப வேண்டும். வெடி, மின்சாரம், வேதிப்பொருள் கொண்டு மீன் பிடித்தவருக்கு மட்டும் இந்தச் சலுகை கிடையாது.

எந்தக் கப்பலை அனுப்புவது என்பதும் முக்கியம். சீனா அனுப்புவது கடலோரக் காவல்படையின் வெள்ளைக் கப்பல். பதிலுக்குச் சாம்பல் நிறப் போர்க்கப்பல் போனால் மோதலைப் பெரிதாக்கியவர் என்ற பழி இந்தோனேசியா மேல் விழும். இதற்குப் பொருத்தமானது 2014-இல் அமைத்த பக்காம்லா என்ற கடல் பாதுகாப்பு முகமை. ஆனால் கடற்படை, பக்காம்லா, மீன்வளக் கண்காணிப்பு, கடல் போலீஸ், சுங்கம் என்று ஐந்து கை ஒரே கடலில். பெரிய கப்பல்கள் இருப்பது கடற்படையிடம், மீன்பிடி வழக்குப் போடப் பழகியவர்கள் மீன்வளத் துறையில். 2022 டிசம்பர் கடைசியில் சீனாவின் 5901 வந்து நத்துனா எரிவாயு வயல் பக்கம் சுற்றியதே, அது சுமார் 12,000 டன் கப்பல். அதன் பக்கத்தில் நின்று நாள்கணக்கில் கண்காணிக்கும் அளவு பெரிய வெள்ளைக் கப்பல் பக்காம்லாவிடம் மிகக் குறைவு. தூதரகக் குறிப்பு எவ்வளவு கூர்மையாக இருந்தாலும் இந்த ஓட்டை அடைபடாது.

மலாக்கா வாசகன்:
மலேசியா பற்றி ஒரு சேர்க்கை. இங்கே 1969 கண்டத்திட்டுக் கோட்டை வைத்து அதே வாதம் நடக்கிறது, ஆனால் வியட்நாம் இடத்தில் மலேசியா. மலாக்கா நீரிணையில் அந்தக் கோடே தண்ணீருக்கும் பொருந்தும் என்பது மலேசியாவின் பேச்சு, தனிக்கோடு வேண்டும் என்பது இந்தோனேசியாவின் பேச்சு. 2023 ஜூனில் அப்போதைய இந்தோனேசிய அதிபர் ஜோக்கோவியும் மலேசியப் பிரதமர் அன்வாரும் 18 ஆண்டுப் பேச்சுக்குப் பிறகு கையெழுத்திட்டது ஆட்சிக்கடல் எல்லைக்கு மட்டும், அதுவும் நீரிணையின் தென்பகுதிக்கும் சுலாவெசி கடலுக்கும். எல்லாம் தீர்ந்ததாகச் சில பத்திரிகைகள் எழுதியது தவறு.

நீதிமன்றம் போகாமல் இப்படி இழுப்பது ஏன் என்று கேட்டால், சிப்பாடான், லிகித்தான் என்ற இரு சிறு தீவுகள்தான் காரணம். 1997-இல் இரு நாடுகளும் ஒப்புக்கொண்டு ஹேக் நகரில் உள்ள அனைத்துலக நீதிமன்றம் போனார்கள். 2002 டிசம்பர் 17-இல் 16-க்கு 1 என்ற கணக்கில் மலேசியா வென்றது. பழைய ஒப்பந்தங்கள் யாருக்கும் கைகொடுக்கவில்லை. ஆமை முட்டை எடுப்பதை மலேசியத் தரப்பு ஒழுங்குபடுத்தியது, பறவைச் சரணாலயம் அறிவித்தது, 1960களில் கலங்கரை விளக்கம் கட்டிப் பராமரித்தது, இதையெல்லாம் பார்த்துத்தான் தீர்ப்பு வந்தது. இந்தோனேசியா தன் அடிக்கோட்டையே 2008-இல் திருத்தி எழுத வேண்டியதாயிற்று. அதற்குப் பிறகு ஜகார்த்தாவில் எந்த அரசும் எல்லை வழக்கை ஹேக் கொண்டுபோக முன்வரவில்லை. எல்லைத் தீவுகளில் கலங்கரை விளக்கமும் காவல் சாவடியும் கட்டுவதில் மும்முரமானார்கள்.

அடிக்கோடு:
சரியான சேர்க்கை. தென்திசை, நம் பக்கத்திலேயே இதே நிலை உண்டு. கிரேட் நிக்கோபாருக்கும் சுமத்ராவுக்கும் நடுவே இந்தியாவும் இந்தோனேசியாவும் 1974-லும் 1977-லும் கண்டத்திட்டுக் கோடு போட்டன. தண்ணீருக்கான கோடு இன்னும் பேச்சில் இருக்கிறது. பாக் நீரிணை, மன்னார் வளைகுடாப் பக்கத்தை இதோடு குழப்ப வேண்டாம். அங்கே 1974, 1976 ஒப்பந்தக் கோடு தரைக்கும் தண்ணீருக்கும் ஒன்றுதான், சண்டை கோடு எங்கே என்பதில் இல்லை.